பாதுகாக்கப்பட்ட சேறு

கடலடித் தொல்லியல் நிறுவனம் கடலிலிருந்து போதிய தூரத்தில், ஓர் அடுக்குமாடியின் ஏழாவது தளத்தில் இருந்தது. ஈரக் காற்று கோப்புகளுக்கு ஆகாது என்று முன்பிருந்த தலைவர் ஒருவர் காரணம் எழுதிவைத்துவிட்டுப் போயிருந்தார். ஆட்சிக் குழுவில் நீந்தத் தெரிந்தவர் ஒரே ஒருவர். அவரும், “சின்ன வயசுல குளத்துல பழகினதுதான், பெருசா எடுத்துக்காதீங்க” என்று அடக்கமாகச் சொல்லிக்கொள்வார். கூட்ட அறையின் மூலையில் ஒரு கண்ணாடித் தொட்டியும் அதில் ஒரு மீனும் உண்டு. விருந்தாளிகள் வந்தால் தலைவர் அதைக் காட்டி, “நமக்கும் கடலுக்கும் உள்ள தொடர்பு அறுந்துடக் கூடாது பாருங்க” என்பார். அது நன்னீர் மீன்.

இந்த நிறுவனத்தில் நிஜமாகவே கடலுக்குள் இறங்குகிறவர்கள் இரண்டு பேர்தான். ஒருவர் நம் ஆய்வாளர். முதுகில் காற்று உருளையும் காலில் துடுப்புமாக வேலை பார்க்கிறவர் என்பதால் மற்றவர்கள் அவருக்கு முக்குளிப்பான் என்று பெயர் வைத்திருந்தார்கள். அவர் நடந்து போகும் வராந்தாவில் ஈரத் தடம் விழுகிறது என்று துப்புரவுப் பிரிவு அடிக்கடி புகார் எழுதும். இன்னொருத்தி அவருடைய உதவி ஆய்வாளர். தண்ணீருக்குள் பேச முடியாது; கையில் கட்டிய பலகையில்தான் எழுதிக் காட்ட வேண்டும். தரைக்கு வந்த பிறகும் அவள் பலகையில் இடம் போதாதவள் மாதிரி நாலு வார்த்தையோடு நிறுத்திக்கொள்வாள். அதனால் அவளுக்குச் சிலேட்டு என்று பெயர்.

இவர்கள் இரண்டு பேரும் ஒரு கப்பலைக் கண்டுபிடித்தார்கள். ஆணியே இல்லாத கப்பல். பலகையோடு பலகையைத் துளை போட்டுக் கயிற்றால் தைத்துக் கட்டியது. மணலுக்குள் மூடிக் கிடந்ததால் கயிறுகூட மக்கவில்லை. உள்ளே ஜாடிகள், யாரோ அடுக்கிய வரிசை கலையாமல் இருந்தன. கையால் மணலை விசிறி விலக்கி அந்தத் தையலை முதன்முதலாகப் பார்த்தபோது ஆய்வாளருக்குத் தண்ணீருக்குள்ளேயே அழுகை வந்துவிட்டது. முகக்கண்ணாடிக்குள் அழுவது சிரமமான காரியம், துடைத்துக்கொள்ள வழியில்லை. அன்றிலிருந்து அவருக்கு ஒரே ஓர் ஆசைதான். ஒரு முடிச்சுகூட அவிழாமல் அந்தக் கப்பல் கிடந்தபடியே கிடக்க வேண்டும்.

படகிலேயே உட்கார்ந்து அறிக்கை எழுதி அனுப்பினார். “ஈரம் பட்ட அறிக்கைகளைக் கோப்பில் சேர்க்க இயலாது. உலர்த்தி மறுபடி சமர்ப்பிக்கவும்” என்று பதில் வந்தது. உலர்த்திச் சமர்ப்பித்தார். அதற்குப் பிறகு பதிலே இல்லை.

ஆனால் தொலைக்காட்சிக்கு எப்படியோ மூக்கில் வேர்த்துவிட்டது. ‘கீழே யார்?’ என்று ஒரு தொடர் எடுத்துக்கொண்டிருந்த தயாரிப்பாளர் நேரில் வந்தார். நல்ல பெண்மணி. எதிரே இருப்பவரின் முகத்தைக் காய்கறி பார்ப்பதுபோல் திருப்பித் திருப்பிப் பார்க்கிற பழக்கம் மட்டும் உண்டு.

“உங்க முகத்துல எப்பவும் ஒரு கவலை இருக்கு சார். அது கேமராவுக்கு ரொம்ப நல்லா வரும்” என்றார்.

இந்தத் தொழிலில் ஒரு வழக்கம் இருக்கிறது. கப்பல் கிடக்கும் இடத்தை வெளியில் சொல்வதில்லை. சொன்னால் ஜாடி திருடுகிறவர்கள் ஆய்வாளருக்கு முன்னால் இறங்கிவிடுவார்கள். படம் பிடித்தே ஆக வேண்டுமென்றால், ஒன்றுமே இல்லாத ஓர் இடத்தில் படகை நிறுத்தி, “இதோ இங்கேதான்” என்று கை காட்டுவார்கள். திருடனுக்குத் தண்ணி காட்டுகிற வேலை. நம் ஆய்வாளரும் அதையே செய்தார். துறைமுகத்தை ஒட்டிச் சேறு படிந்த ஓர் இடத்தைத் தேர்ந்தெடுத்தார். சிலேட்டு இறங்கிப் பார்த்துவிட்டு வந்து, “ஒரு டயர். வேற ஒண்ணுமில்ல” என்றாள்.

அந்தச் சேற்றின்மேல் படகை நிறுத்தி, காற்றில் முடி பறக்க, ஆய்வாளர் கேமராவைப் பார்த்துச் சொன்னார்: “இதோ, நான் நிக்கிற இடத்துக்கு நேர் கீழ, எழுநூறு வருஷமா ஒரு கப்பல் தூங்குது. அதை இத்தனை நாள் காப்பாத்தினது மணல்தான். மணலைவிட நல்ல காவல்காரன் கடலுக்குள்ள கிடையாது.” பிறகு சிலேட்டு நிஜக் கப்பலில் எடுத்த காட்சிகளை அதோடு ஒட்டினார்கள்.

ஒளிபரப்புக்கு முன்னால் ஒரு சடங்கு பாக்கியிருந்தது. நிறுவனத்தின் சார்பில் திரையில் சொல்லப்படும் ஒவ்வொரு வாக்கியத்தையும் ஏற்புக் குழு படித்து முத்திரை வைக்க வேண்டும். குழு ஒரு பகல் முழுக்க உட்கார்ந்தது. கப்பல் தூங்கலாமா என்று காலையில் விவாதித்தார்கள். உயிரற்ற பொருளுக்கு உறக்கம் உண்டு என்று நிறுவனம் ஏற்றுக்கொண்டால் நாளைக்கு யாராவது அதை எழுப்பச் சொல்லி மனுப் போடுவார்கள் என்று ஓர் உறுப்பினர் எச்சரித்தார். மத்தியானத்துக்கு மேல் ‘ஓய்வில் உள்ளது’ என்று திருத்தினார்கள். ஆய்வாளர் தலைவரின் காதருகே போய், “இடம் மட்டும் சும்மா காட்டினது சார். நிஜ இடம் அது இல்ல” என்றார். தலைவர், “நல்லது, நல்லது” என்றபடியே ‘நேர் கீழே’ என்பதன்மேல் முத்திரையைக் குத்தினார். ஆய்வாளரும் விஷயத்தை அவர் வாங்கிக்கொண்டதாக நினைத்துக்கொண்டார்.

நிகழ்ச்சி வெற்றி என்றால் அப்படியொரு வெற்றி. தெருவில் போகிறவர்கள் ஆய்வாளரை நிறுத்தி, “கப்பல் இன்னும் ஓய்வுல இருக்கா சார்?” என்று நலம் விசாரித்தார்கள். துப்புரவுப் பிரிவு அவருடைய ஈரத் தடத்தைத் துடைப்பதற்கு முன்னால் படம் எடுத்துக்கொண்டது. முக்குளிப்பான் ஒரே வாரத்தில் முக்குளிப்பார் ஆனார். ‘நிறுவனத்தின் முகம்’ என்று ஒரு பதவி உண்டாக்கி அவருக்குக் கொடுத்தார்கள். கூடவே ஓர் உத்தரவும் வந்தது. முகக்கண்ணாடி அழுத்தி முகத்தில் விழும் வட்டத் தடம் ஒப்பனைக்கு அடங்காததால், இனி அவர் முன் அனுமதியின்றிக் கடலில் இறங்கக் கூடாது. அனுமதி கேட்டு எழுதினார். முகம் சம்பந்தப்பட்ட விஷயம் என்பதால் மக்கள் தொடர்புப் பிரிவின் கருத்தைக் கேட்டிருப்பதாகப் பதில் வந்தது. கடலடி ஆய்வாளர் பகலெல்லாம் ஏழாவது மாடியில் நன்னீர் மீனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

அப்படி உட்கார்ந்திருந்தபோதுதான் அழைப்பிதழ் வந்தது. கப்பல் இருக்கும் இடத்தை அரசு பாதுகாக்கப்பட்ட மண்டலமாக அறிவித்துவிட்டது. மிதவைகள் விடும் விழாவுக்கு வரவும். எந்த இடம் என்று பார்த்தார். சேறு. படகு நிற்கும் இடத்தை எண்களில் காட்டும் திரை நிகழ்ச்சியில் ஒரு கணம் தெரிந்திருக்கிறது. அந்த எண்களை அப்படியே எழுதி எடுத்திருக்கிறார்கள்.

விழாவில் தலைவர் கோட்டுக்கு மேல் மிதவைச் சட்டை மாட்டி, படகின் கம்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு பேசினார். “இங்கே கீழே இருப்பதை நான் பார்த்ததில்லை. பார்க்க வேண்டிய அவசியமும் எனக்கு வந்ததில்லை. கண்ணால் பார்த்துவிட்டு நம்புவதற்கு ஒரு நிறுவனம் எதற்கு? பார்க்காமலே உறுதியாகச் சொல்வதற்குத்தானே நம்மையெல்லாம் நியமித்திருக்கிறார்கள்” என்றார். எல்லாரும் கை தட்டினார்கள். மஞ்சள் மிதவைகள் ஒவ்வொன்றாகத் தண்ணீரில் விழுந்தன. அவற்றுக்குக் கீழே டயர் இருந்தது.

கரைக்கு வந்ததும் ஆய்வாளர் தலைவரின் அறைக்குப் போனார். கதவைச் சாத்திவிட்டு எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னார். தலைவர் பொறுமையாகக் கேட்டார்.

“நீங்க சொல்றது எனக்குப் புரியுது. ஆனா நிறுவனத்துக்குப் புரியாது” என்றார்.

“அறிவிப்புல எண்ணை மட்டும் மாத்தினா போதும் சார்.”

“மாத்தினா, முன்ன சொன்னது பொய்னு ஆகுமில்ல? சொன்னது நீங்க. முத்திரை வச்சது நாங்க. நீங்க பொய் சொல்லலாம், அது மனுஷ பலவீனம். முத்திரை வச்சுட்டா அது பொய்யா இருக்க முடியாது. அப்புறம் எங்க பழைய முத்திரையை எல்லாம் எவன் நம்புவான்?”

“அப்போ கப்பல்?”

“கப்பலுக்கு என்ன? அதுபாட்டுக்கு ஓய்வுல இருக்கட்டும்.”

அன்று இரவு சாப்பாட்டின்போது ஆய்வாளர் மனைவியிடம் சொன்னார். மனைவி பல் மருத்துவர். எதைக் கேட்டாலும் வாயைத் திறக்கச் சொல்கிற தோரணையிலேயே கேட்பார்.

“நாங்க ஒரு பல்லைப் பிடுங்கணும்னா எந்தப் பல்லுன்னு ரெண்டு தடவை தொட்டுப் பார்ப்போம். உங்க ஆளுங்க படம் பார்த்துப் பிடுங்குறாங்க” என்றார்.

“பிடுங்கலையே. சும்மா வேலிதானே போட்டிருக்காங்க. ஒரு விதத்துல நல்லதுதான். எல்லா பயலும் சேத்துல தேடிக்கிட்டு இருப்பான். கப்பல் பத்திரமா இருக்கும்.”

சொல்லச் சொல்ல அவருக்கே அது சரியென்று பட்டது. கொஞ்ச நாள் நிம்மதியாகத் தூங்கினார். பிறகு துறைமுகப் பொறியாளர் ஒரு வேலையாக அவரைக் கூப்பிட்டு அனுப்பினார்.

பொறியாளர் ஆய்வாளரின் ரசிகர். மேசைமேல் பெரிய வரைபடத்தை விரித்து நாலு மூலையிலும் தேநீர்க் கோப்பைகளை வைத்தார். துறைமுகத்துக்குள் பெரிய கப்பல்கள் வருவதற்காகக் கடலடியைத் தோண்டி ஆழமான பாதை போடப் போகிறார்கள்.

“முதல்ல நேர் கோடாத்தான் போட்டிருந்தோம் சார். அது உங்க மண்டலத்து வழியா போச்சு. எங்க வீட்ல எல்லாரும் உங்க நிகழ்ச்சி பார்ப்போம். எனக்கு மனசு கேக்கல. உங்களுக்காகத்தான் சார் வளைச்சோம்.”

ஆய்வாளர் வளைவின்மேல் விரலை வைத்து நகர்த்திக்கொண்டே போனார். விரல் நின்றது. அவர் முகத்தில் ஈயாடவில்லை. பாதை கப்பலின் நடு முதுகில் ஏறிப் போயிற்று.

“இங்கதான் கப்பல் இருக்கு” என்றார்.

பொறியாளர் முதலில் சிரித்தார். ஆய்வாளர் சிரிக்காததைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டார். “சார், நீங்க சொன்னா நான் நம்புறேன். நாளைக்கே வேலையை நிறுத்துறேன். உங்க நிறுவனத்து முத்திரையோட ஒரு வரி வேணும், அவ்வளவுதான். ஏன்னா புதுப் பாதையில எதுவும் இல்லைன்னு உங்க நிறுவனமே சான்று கொடுத்திருக்கு.”

சான்றை எடுத்துக் காட்டினார். ‘கப்பல் மண்டலத்துக்குள் இருப்பதால், மண்டலத்துக்கு வெளியே இல்லை’ என்று அதில் இருந்தது. தர்க்கத்தில் ஒரு குறை சொல்ல முடியாது.

ஆய்வாளர் அவசரக் கூட்டம் கேட்டார். நிறுவனத்தில் அவசரத்துக்கென்று தனிப் படிவம் இருந்தது, அது அச்சில் இல்லை. ‘நிறுவனத்தின் முகம்’ என்பதால் படிவமில்லாமலே கூட்டினார்கள். சிலேட்டு எடுத்த காட்சிகளைச் சுவரில் ஓட்டிக் காட்டினார். ஆழம், நீரோட்டம், மணலின் நிறம் எல்லாவற்றையும் விளக்கி, சேற்றில் இப்படி ஓர் அடி தூரம்கூடப் பார்க்க முடியாது, இது வேறு இடம் என்றார்.

“கப்பல் தெரியுது, மறுக்கல. ஆனா இது இந்த இடம்தான்னு தண்ணில எழுதி ஒட்டியிருக்கா?” என்றார் ஒருவர்.

“கப்பல் அங்க இருந்தா, அதைக் கொஞ்சம் நகர்த்தி மண்டலத்துக்குள்ள கொண்டுவந்துடலாமே” என்றார் இன்னொருவர்.

“தொட்டாலே கயிறு கரைஞ்சுடும் சார்.”

“அப்போ அவ்வளவு பலவீனமான கப்பலை எதுக்குக் கண்டுபிடிச்சீங்க?”

ஆய்வாளருக்கு ஒரு யோசனை பளிச்சிட்டது. கௌரவத்தையெல்லாம் மூட்டை கட்டி வைத்துவிட்டுக் கேட்டார்: “சரி, மண்டலத்துல இருக்கிறது ஒரு கப்பல். இது ரெண்டாவது கப்பல். அப்படி வச்சுக்கலாமா? யாருடைய முத்திரையும் பொய்யாகாது.”

அறையில் ஒரு நம்பிக்கை பரவியது. சிலேட்டுகூட நிமிர்ந்து உட்கார்ந்தாள். தலைவர் விதிப் புத்தகத்தைப் புரட்டினார். இரண்டாவது கப்பலைக் கண்டுபிடிக்க வேண்டுமானால் ஆய்வாளர் கடலில் இறங்கியிருக்க வேண்டும். நிறுவனத்தின் முகமோ அனுமதியில்லாமல் இறங்க முடியாது. அனுமதி இன்னும் மக்கள் தொடர்புப் பிரிவில் இருந்தது. ஆகவே இரண்டாவது கப்பல் கண்டுபிடிக்கப்படவில்லை. நீந்தத் தெரிந்த உறுப்பினர் மட்டும், “எனக்குத் தண்ணியைப் பத்தி ஓரளவு தெரியும்கிறதால, நடுநிலை தவறிடக் கூடாதுன்னு ஓட்டுப் போடாம இருக்கேன்” என்றார்.

கூட்டம் அத்தோடு முடிந்திருந்தால்கூடப் பரவாயில்லை. “கப்பலோட பாதுகாப்புல ஆய்வாளருக்கு இருக்கிற அக்கறையைக் குழு மதிக்குது” என்று தொடங்கினார் தலைவர். “அவரே திரையில சொல்லியிருக்கார், மணலைவிட நல்ல காவல்காரன் கிடையாதுன்னு. நாமளும் முத்திரை வச்சிருக்கோம். மண்டலத்துமேல ஒரு மேடு எழும்புற அளவுக்கு மணல் கொட்டி மூடிடலாம். மணலுக்கும் அலைய வேண்டாம். துறைமுகத்துல தோண்டப் போறாங்களே, அந்த மணலையே கொண்டுவந்து கொட்டச் சொல்லுவோம்.”

ஆய்வாளர் எழுந்து நின்றார். “சார், அந்த மணல்லதான் கப்பல் இருக்கும். உடைஞ்சு, தூள் தூளா.”

“உங்க கருத்து பதிவு செய்யப்பட்டது.”

“மண்டலத்துக்குள்ள எதையும் செய்யக் கூடாதுன்னு சட்டம் இருக்கே?” என்றாள் சிலேட்டு. அவள் பேசியதிலேயே நீளமான வாக்கியம் அதுதான்.

“எடுக்கத்தாம்மா தடை. போடத் தடை இல்ல” என்றார் தலைவர்.

வீட்டுக்குப் போன ஆய்வாளர் கையைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். தொலைக்காட்சியில் நேரலையில் உண்மையைப் போட்டு உடைப்பதைத் தவிர வேறு வழி தெரியவில்லை. மனைவியிடம் கேட்டார்.

“வேலை போயிடும்” என்றார் ஆய்வாளர்.

“போகட்டும். பல்வலி வராத ஊரா பார்த்தா நாம குடியிருக்கோம்? நான் பார்த்துக்கறேன்” என்றார் மனைவி. பிறகு, “சொல்றதைச் சுத்தி வளைக்காம சொல்லுங்க. நீங்க கவலையா பேச ஆரம்பிச்சா ஜனங்க ரசிக்க ஆரம்பிச்சுடுறாங்க” என்றும் சொன்னார்.

காலை நேரலையில் தயாரிப்பாளரே தொகுத்து வழங்கினார். ஆய்வாளர் சுற்றி வளைக்கவில்லை. “நான் காட்டினது பொய்யான இடம். அங்க சேறும் ஒரு டயரும்தான் இருக்கு. நிஜக் கப்பல் துறைமுகத்தோட புதுப் பாதையில இருக்கு. தோண்டுறதை நிறுத்தணும்” என்றார். தயாரிப்பாளரின் கண்ணில் நிஜமான அதிர்ச்சி தெரிந்தது. ஆய்வாளருக்கு நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கியது.

அப்போது தலைவர் தொலைபேசி இணைப்பில் வந்தார். குரல் தழுதழுத்தது. “எனக்குப் பெருமையா இருக்கு. கடலடி ஆய்வாளர்கள் திருடர்களைத் திசைதிருப்ப இடத்தை மாத்திச் சொல்றது வழக்கம். கப்பல் எங்க இருக்குன்னு நாட்டுக்கே தெரிஞ்சுபோச்சேங்கிற வேதனையில, தன்னோட பேரைத் தானே கெடுத்துக்கிட்டு, இன்னிக்கு இவர் அதைச் செய்யுறார். இதுக்கு மேல ஒரு தியாகம் உண்டா?”

“இல்லீங்க. நான் நிஜமாவே பொய் சொன்னேன்” என்றார் ஆய்வாளர்.

“எவ்வளவு உறுதியா சொல்றார் பாருங்க” என்றார் தயாரிப்பாளர், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

நேயர்கள் அழைத்தார்கள். ஒருவர், “சார், நாங்க யார்கிட்டயும் சொல்ல மாட்டோம்” என்று சத்தியம் செய்தார். இன்னொரு அம்மாள், தன் பிள்ளைகள் இரண்டு பேரையும் இவரைப் போலவே வளர்க்கப் போவதாகச் சொன்னார். ஆய்வாளர் மறுக்க மறுக்கப் பாராட்டு கூடிக்கொண்டே போனது. அதற்கு மேல் எந்த வார்த்தையில் உண்மையைச் சொல்வதென்று அவருக்குத் தெரியவில்லை.

தோண்டுகிற நாள் வந்தது. ஆய்வாளரும் சிலேட்டும் ஒரு சிறிய படகை எடுத்துக்கொண்டு போய்க் கப்பலுக்கு நேர் மேலே நங்கூரம் போட்டார்கள். துறைமுகக் காவல் படகு வந்தது. அதிலிருந்தவர் சலாம் வைத்துவிட்டு, “சார், திருடனைக் குழப்புறீங்க, புரியுது. நேத்து டிவில பார்த்தேன். ஆனா வேலை நடக்கிற இடம் பாருங்க” என்று சொல்லி, மிகுந்த மரியாதையோடு படகைக் கட்டி இழுத்துக்கொண்டு போய்ச் சேற்று மண்டலத்தின் மிதவைகளுக்கு நடுவே விட்டுவிட்டுப் போனார். போவதற்கு முன் சேர்ந்து ஒரு படம் எடுத்துக்கொண்டார்.

அங்கிருந்து பார்த்தால் தோண்டும் இயந்திரம் நன்றாகத் தெரிந்தது. பல் வைத்த பெரிய வாளி இறங்குவதும், ஒழுக ஒழுக ஏறுவதும், பக்கத்திலிருந்த தட்டைப் படகில் கொட்டுவதுமாக இருந்தது. வெகுநேரம் வெறும் மணல்தான் வந்தது. ஒருவேளை தப்பித்துவிடுமோ என்றுகூட ஆய்வாளர் நினைத்தார். பிறகு வாளியின் விளிம்பில் ஏதோ நீளமாகத் துருத்திக்கொண்டு வந்தது. அதிலிருந்து நார் தொங்கியது. ஆய்வாளர் படகின் தரையில் உட்கார்ந்துவிட்டார். செத்தவர்களுக்காகக்கூட அவர் அப்படி அழுததில்லை. நிறைந்த தட்டைப் படகு மெதுவாக அவர்களை நோக்கி வந்து, அடிக்கதவைத் திறந்து, பாதுகாக்கப்பட்ட மண்டலத்தில் எல்லாவற்றையும் கொட்டியது.

“நான் இறங்குறேன்” என்றாள் சிலேட்டு.

அதற்குப் பிறகு அவள் நாள் தவறாமல் அந்த மேட்டில் இறங்கினாள். ஜாடி ஒன்றுகூட முழுசாகக் கிடைக்கவில்லை. மணலோடு மணலாகக் கிடந்த பலகைகளில் தூக்கக்கூடியதாக இருந்தவற்றை ஈரச் சாக்கில் சுற்றி ஏழாவது மாடிக்குக் கொண்டுவந்து சேர்த்தாள். செய்தி கேட்ட தலைவர் மின்தூக்கிக்குக் காத்திருக்காமல் படியேறி வந்தார்.

“எங்க கிடைச்சுது?”

“மண்டலத்துல” என்றாள் சிலேட்டு.

தலைவர் ஆய்வாளரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். “நான் அப்பவே சொன்னேனா இல்லையா? கப்பல் அங்கதான் இருந்துது. நீங்கதான் உங்களையே நம்பல.”

இரண்டாவது தொடருக்கு நாள் குறித்தார்கள். கூட்ட அறையையே படப்பிடிப்புக்குத் தயார் செய்தார்கள். அதற்கு முன்னால் ஆய்வாளர் தலைவரைத் தனியாகப் பிடித்துக் கெஞ்சினார். நூற்றுக்கணக்கான வருஷம் கடலில் ஊறிய மரம் காய்ந்தால் வெடித்துப் பொடியாகிவிடும். நல்ல தண்ணீர்த் தொட்டியில் வருஷக்கணக்காகப் போட்டு உப்பை இறக்க வேண்டும். மிச்சமிருக்கிற இந்தப் பலகைகளையாவது காப்பாற்ற வேண்டும். இவை எங்கிருந்து வந்தன என்பது பற்றிப் பிறகு பேசிக்கொள்ளலாம்.

“பிறகு எப்படி? அதுதானே முக்கியம்” என்றார் தலைவர், அன்பாக. “மண்டலத்துல கிடந்த கப்பலோட பலகைன்னா அது தொல்பொருள். நாளைக்கே தொட்டி வந்துடும். வேற எங்கிருந்தோ தோண்டிக் கொட்டினதுன்னா அது தூர். தூருக்கு இங்க தொட்டி கிடையாது, வந்த வழியே திரும்பக் கொட்டிடணும். விதி அப்படி. எதுன்னு நிறுவனம் எப்படிச் சொல்லும்? நீங்கதான் சொல்லணும். நீங்க திரையில சொல்லுங்க, நாங்க முத்திரை வைக்கிறோம்.”

விளக்குகள் எரிந்தன. நீளமான மேசைமேல் கறுப்புத் துணி விரித்து, இருந்ததிலேயே பெரிய பலகையைச் சாக்கிலிருந்து பிரித்து வைத்திருந்தார்கள். ஓரம் நெடுகக் கயிறு போன துளைகள் இருந்தன. கேமராவுக்குத் தெரியாமல் மேசையின் மறுபக்கம் சிலேட்டு ஒரு வாளித் தண்ணீரோடு குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தாள்.

“சீக்கிரம் சார். காயுது” என்றாள்.

ஆய்வாளருக்கும் தெரிந்துதான் இருந்தது. விளக்குச் சூட்டில் பலகையின் ஒரு முனை வெளிறத் தொடங்கியிருந்தது. துளைகளைப் பற்றியும் கயிற்றைப் பற்றியும் தெரிந்ததையெல்லாம் வேகமாகச் சொன்னார். அந்த மட்டில் எல்லாம் உண்மை என்பதால் சரளமாக வந்தது. தயாரிப்பாளர் குனிந்து பலகையைப் பார்த்தார்.

“சார், இந்தக் கோடெல்லாம் என்ன? ஒரே அளவு இடைவெளி விட்டு, வரிசையா, ஆழமா இருக்கே. யார் பண்ணினது?”

தோண்டும் இயந்திரத்து வாளியின் பற்கள் இழுத்துப் போன தடம். மேல்மரமெல்லாம் கறுத்துப்போயிருக்க, அந்தக் கோடுகளுக்குள் மட்டும் மரம் பச்சைக் காயமாகத் தெரிந்தது. யாராவது அரை நிமிஷம் உற்றுப் பார்த்தால் போதும். அறையில் அவ்வளவு பேர் இருந்தார்கள். தலைவர் கதவோரம் நின்று தலையை ஆட்டிக்கொண்டிருந்தார். ஆய்வாளர் வெளிறிய முனையைப் பார்த்தார். அது சாக்கின் நூல் அகலத்துக்கு விரிசல் விட்டிருந்தது.

“இது அந்தக் காலத்துத் தச்சரோட உளித் தடம்” என்றார்.

சிலேட்டு சாக்கைத் தண்ணீரில் முக்கி எடுத்தாள். அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை.

“அருமை சார். ஆனா சொல்லும்போது குனிஞ்சுட்டீங்க. கேமராவைப் பார்த்து இன்னொரு தடவை சொல்லிடுங்களேன்” என்றார் தயாரிப்பாளர்.

ஆய்வாளர் நிமிர்ந்தார். கேமராவை நேராகப் பார்த்து இன்னொரு தடவை சொன்னார். இரண்டாவது தடவை இன்னும் நன்றாக வந்தது.